மணக்கிற பேம்பர்ஸ் வாளி

வீட்டுப் பராமரிப்பு: கேள்வி-பதில்

கேள்வி: உல்லையில் கடற்கரையோடு சின்னதாக ஒரு தங்குமிடம் நடத்துகிறோம். போன சீசனில் கைக்குழந்தையோடு வந்த வெளிநாட்டுக் குடும்பமொன்று பேம்பர்ஸ் போடும் வாளியை விட்டுவிட்டுப் போனது. காலால் மிதித்தால் மூடி திறக்கும். உள்ளே ஒரு வளையத்தில் நீளப் பை சுருட்டி வைத்திருக்கும். இப்போது என் மகனுக்கு அதைத்தான் பாவிக்கிறேன். பைச்சுருள் முடிந்துவிட்டது, கல்முனைக் கடைகளில் கேட்டும் கிடைக்கவில்லை. மிதிகம்பி கறள் பிடித்து, மூடி ஒரு பக்கம் தூக்கிக்கொண்டு நிற்கிறது. எத்தனை தரம் கழுவினாலும் மணம் போகுதில்லை. கணவர் எறியச் சொல்கிறார். மாமியோ, "வளவுக்குள்ள போட்டுப் பத்தவை" என்கிறார். என்ன செய்யலாம்?
- வாசகி ஒருவர், பொத்துவில்

பதில்: எறியவும் வேண்டாம், பத்தவைக்கவும் வேண்டாம் சகோதரி. நீங்கள் சொல்லும் கோளாறுகள் எல்லாம் ஹார்ட்வெயார் கடைச் சாமானோடு தீரக்கூடியவை.

முதலில் மூடி. ஒரு கடதாசித் துண்டை வாளியின் விளிம்பில் வைத்து மூடியை மூடுங்கள். பிறகு மெல்ல இழுத்துப் பாருங்கள். இறுக்கிப் பிடித்தால் அந்த இடம் சரி. வழுக்கிக்கொண்டு வந்தால் மணம் வெளியேறுவது அங்கேதான். இப்படி விளிம்பு முழுக்கச் சுற்றிப் பார்த்து, இடைவெளியுள்ள இடங்களைப் பேனையால் குறியுங்கள். பழைய றப்பர் வெடித்திருந்தால் உரித்தெடுத்துவிட்டு, கதவு யன்னலுக்கு ஒட்டும் ஸ்பொஞ்ச் டேப்பை மூடியின் உட்புறம் சுற்றி ஒட்டலாம். ஒட்டும் இடம் ஈரமோ எண்ணெய்ப் பசையோ இல்லாமல் காய்ந்திருக்க வேண்டும். இல்லாவிட்டால் ஒரு கிழமையில் கழன்றுவிடும்.

ஒரு பக்கம் தூக்கி நிற்பதற்குக் காரணம் பெரும்பாலும் மூடியின் பின்பக்க ஊசிதான். உப்புக் காற்றுக்கு இரும்பு ஊசி தாங்காது. தேய்ந்த ஊசியைக் குறட்டால் இழுத்தெடுத்துவிட்டு, அதே தடிப்பில் எவர்சில்வர் ஆணி போடுங்கள். கிடைக்கும் வரைக்கும், பெரிய மீனுக்குப் போடும் தடித்த தங்கூசி நூலை அந்தத் துளைக்குள் விட்டு இரண்டு முனையையும் சூடாக்கித் தட்டையாக்கினாலும் போதும். அதற்குக் கறளே பிடிக்காது. மிதிகம்பி வளைந்திருந்தால் நேராக்குங்கள். கறளைச் சாண்ட் பேப்பரால் தேய்த்துக் கிறீஸ் தடவுங்கள். தேங்காயெண்ணெய் வேண்டாம், மணலும் தூசும் அதில் ஒட்டி மிதி இன்னும் இறுகும்.

பைச்சுருளைத் தேடி அலைய வேண்டியதில்லை. அது இரு முனையும் திறந்த நீளமான பொலித்தீன் குழாய்தான். கம்பனிக்குக் கம்பனி வளையத்தின் அளவு மாறும், அவ்வளவுதான் வித்தியாசம். சாதாரணக் குப்பைப் பையின் வாயை வளையத்தின் மேலாக மடித்து விடுங்கள். வளையத்தின் உள்ளே சின்னத் தகடோ வெட்டும் அலகோ இருந்தால் கழற்றிவிடுங்கள். பையையும் கிழிக்கும், தவழ்கிற பிள்ளையின் விரலையும் பதம் பார்க்கும்.

இனி மணம். சிறுநீரிலுள்ள யூரியாவை நுண்கிருமிகள் அமோனியாவாக உடைக்கின்றன. மூக்கைக் குத்துவது அதுதான். நம் கரையோர வெக்கையில் அந்த வேலை இன்னும் வேகமாக நடக்கும். பிளாஸ்டிக்கும் மணத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக உறிஞ்சிக்கொள்ளும். பிறஷால் உரஞ்சி உரஞ்சிக் கீறல் விழுந்த வாளி என்றால் கேட்கவே வேண்டாம். ஆகவே மெத்தென்ற துணியில் சவர்க்காரம் போட்டுக் கழுவி, அப்பச்சோடாவைத் தண்ணீரில் குழைத்து உள்ளே பூசி இரவு முழுக்க விடுங்கள். காலையில் அலசி, அரை நாள் வெயிலில் காயவையுங்கள். நாள்கணக்காக வெயிலில் கிடந்தால் பிளாஸ்டிக் நொறுங்கும். கொதிதண்ணீரும் ஊற்றாதீர்கள், விளிம்பு கோணினால் மூடி மறுபடி பொருந்தாது. மழைக்காலத்தில் வாளியைக் கவிழ்த்து வையுங்கள், தண்ணீர் தேங்கினால் டெங்கு நுளம்புக்கு வீடாகிவிடும்.

ஒன்றை மட்டும் மறக்க வேண்டாம்: அமோனியா மணக்கும் வாளிக்குள் பிளீச் ஊற்றக் கூடாது. இரண்டும் சேர்ந்தால் நெஞ்சை அடைக்கும் நச்சுவாயு வரும். பிளீச்சோடு வினாகிரியோ கொமட் கழுவும் அசிட்டோ கலந்தாலும் ஆபத்துத்தான்.

இவ்வளவும் பாதி வேலை. வாளிக்குள் என்ன போகிறது என்பதுதான் மற்றப் பாதி. மலத்தை முதலில் கொமட்டில் தட்டிவிட்டு, பேம்பர்ஸை இறுக்கிச் சுருட்டி அதன் ஒட்டுப் பட்டியாலேயே ஒட்டிப் போடுங்கள். மணத்தில் பெரும்பகுதி அங்கேயே நின்றுவிடும். ஆனால் பேம்பர்ஸைக் கொமட்டில் போட்டுவிடாதீர்கள். உள்ளே இருக்கும் மணிகள் தண்ணீரைக் குடித்து ஊதி, குழாயை அடைத்துவிடும். பையை நிறையும் வரை வைத்திருக்காமல், ஆகக் கூடியது இரண்டு நாளில் கட்டி எடுங்கள்.

மாமியிடம் பக்குவமாகச் சொல்லுங்கள்: ஈரம் ஊறிய பேம்பர்ஸ் எரியாது, புகைந்துகொண்டுதான் கிடக்கும். பிளாஸ்டிக் குப்பையை வெளியில் எரிப்பதற்கு 2017 செப்டம்பரிலிருந்து சட்டத்திலும் தடை இருக்கிறது. புதைக்கவும் முடியாது, மணல் தரையில் ஊறுவதெல்லாம் நேரே கிணற்றுக்குத்தான் போகும். கட்டிய பையைச் சபை வண்டி வரும் நாளில் கொடுங்கள், முதல்நாள் இரவே தெருவில் வைக்காதீர்கள். நாயும் மாடும் மட்டுமல்ல, நம் மாவட்டத்தில் யானையும் குப்பையைக் கிளறும். இங்கே பள்ளக்காடு கிராமத்துக் குப்பை மேட்டில் பிளாஸ்டிக் தின்று 8 ஆண்டுகளில் ஏறத்தாழ 20 யானைகள் செத்ததாக 2022 ஜனவரியில் செய்தி வந்தது நினைவிருக்கும். சாப்பாட்டு மிச்சத்தைப் பேம்பர்ஸ் பையோடு சேர்க்காமல் வேறாக வையுங்கள். பிராணிகளை இழுப்பது அந்த வாசனைதான்.

கேள்வி: பேத்திக்கு வீட்டில் துணிதான் கட்டுகிறோம். அழுக்குத் துணியைத் தண்ணீர் வாளியில் ஊறப்போடுவதா, சும்மா போட்டு வைப்பதா?
- உம்மும்மா ஒருவர், சாய்ந்தமருது

பதில்: சும்மா போடுவதே நல்லது. மலத்தை அலசிவிட்டு, பிழிந்து, மூடியுள்ள வாளியில் போட்டு அன்றன்றே துவையுங்கள். தண்ணீர் நிரம்பிய வாளி, நிற்கப் பழகும் பிள்ளை இருக்கும் வீட்டில் கூடவே கூடாது. எட்டிப் பார்த்துத் தலைகீழாக விழுந்தால், கொஞ்சத் தண்ணீரிலேயே உயிர் போய்விடும். துவைக்கும்போது துணியை மெதுவாக்கும் வாசனைத் திரவமும் சேர்க்க வேண்டாம். அது படிந்தால் துணி ஈரத்தை உறிஞ்சாது, பிள்ளைக்கும் இரவில் நித்திரை இராது.