பழைய கேசட்டைத் தேடுவதும் ஒரு தொழில்

1940இல் வெளிவந்த காந்தி ஆவணப்படத்துக்காக ஏ.கே. செட்டியார் நாடு நாடாக அலைந்து திரட்டிய படச்சுருள் சுமார் 50,000 அடி. அதில் படத்துக்குள் வந்தது சுமார் 12,000 அடி. பிறர் எடுத்த காட்சியைத் தேடிப் பிடித்து, சரிபார்த்து, முறைப்படி சேர்ப்பது தனித்திறமை. அதற்குத் தமிழில் அவரே முன்னோடி. எடிட்டிங் தெரிந்த திருப்பூர் இளைஞர்கள் அதை இன்றே கற்கத் தொடங்கலாம். ஆவணப்படத்துக்கும் இது வேண்டும், பனியன் கம்பெனியின் வெள்ளிவிழாப் படத்துக்கும் வேண்டும்.

எங்கே தேடுவது?
1984இல் பனியன் தொழிலாளர்கள் 127 நாள் நடத்திய வேலைநிறுத்தத்தின் காட்சிகளுக்குத் தொழிற்சங்க அலுவலகங்களில் கேளுங்கள். 2011இல் உயர் நீதிமன்ற உத்தரவால் சாயப்பட்டறைகள் மூடப்பட்ட நாள்களுக்கு உள்ளூர் கேபிள் சேனல்காரர்களையும் செய்தியாளர்களையும் பாருங்கள். கம்பெனி பீரோவையும் பழைய வீடியோ ஸ்டூடியோவின் பரணையும் விடாதீர்கள். அரசுப் படங்களுக்கு, இப்போது என்.எஃப்.டி.சி.யுடன் இணைந்துவிட்ட பழைய பிலிம்ஸ் டிவிஷனின் சேகரிப்பு, தூர்தர்ஷன், புனேயின் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம்.

கேசட் கைக்கு வந்ததும்
பூஞ்சை பிடித்த கேசட்டை அப்படியே பிளேயரில் போடாதீர்கள். டேப் பாழாகும், பிளேயரும் கெடும். விஎச்எஸ் கேசட்டின் முதுகிலுள்ள சிறு பிளாஸ்டிக் துண்டை உடைத்துவிட்டால் தவறிக்கூட மேலே வேறு எதுவும் பதிவாகாது. டிஜிட்டலாக மாற்றியதும் இரண்டு பிரதி எடுத்து, இரண்டு இடத்தில் வையுங்கள். யார் எடுத்தது, எங்கே, எந்த ஆண்டு, யார் கொடுத்தது என்று ஒவ்வொரு காட்சிக்கும் அன்றைக்கே குறித்துவிடுங்கள்.

உரிமை யாருடையது?
இந்தியச் சட்டப்படி, ஒரு படத்தின் காப்புரிமை அது வெளியான ஆண்டு முடிந்தபின் 60 ஆண்டு நீடிக்கும். பணம் கொடுத்து எடுக்கச் சொன்ன வீடியோவுக்கு, வேறு ஒப்பந்தம் இல்லையென்றால், எடுக்கச் சொன்னவரே முதல் உரிமையாளர். எனவே கம்பெனி விழா வீடியோவுக்கு முதலாளியிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். அதில் ஓடும் சினிமாப் பாட்டின் உரிமை வேறொருவருடையது. யூடியூபில் கிடைப்பதாலேயே எதுவும் இலவசம் ஆகிவிடாது. அனுமதி வாங்கும் வேலையை எடிட்டிங்குக்கு முன்பே முடித்துவிடுங்கள். படம் முடிந்தபின் ஒரு காட்சியை உருவ நேர்ந்தால் செலவு கூடும்.

பொய் சொல்லாதீர்கள்
1932 ஜனவரியில் திருப்பூரில் கொடிகாத்த குமரன் அடிபட்ட ஊர்வலத்தைச் சொல்லும்போது வேறு ஊர் ஊர்வலத்தைக் காட்ட நேரலாம். அப்போது ஊரையும் ஆண்டையும் திரையிலேயே போடுங்கள். பழைய காட்சியை மக்கள் சாட்சியாக நம்புகிறார்கள். அந்த நம்பிக்கையை ஒருமுறை உடைத்தால் உங்கள் படம் முழுவதையும் சந்தேகிப்பார்கள்.

ஒளிநாடா ஆண்டுக்கு ஆண்டு கெட்டுக்கொண்டே போகிறது, அதை ஓட்டும் பிளேயர்களும் அரிதாகிவிட்டன. இந்த வாரமே உங்கள் தெருவில் யார் வீட்டில், எந்தக் கம்பெனியில் பழைய கேசட் இருக்கிறது என்று கேட்டு ஒரு பட்டியல் போடுங்கள். உங்கள் முதல் வேலை அந்தப் பட்டியலிலிருந்தே வரலாம்.