ஐம்பது மீட்டர் வீரர்

மே மாத விடுமுறையில் கோபர்கைரனேயிலிருந்து திருநெல்வேலிப் பக்கத்து ஊர்களுக்குச் செல்லும் பிள்ளைகள், அங்கே முதலில் தேடுவது தோட்டத்துக் கிணற்றைத்தான். முன்பெல்லாம் இடுப்பில் சுரைக்குடுவையைக் கட்டிக் கிணற்றில் இறக்கிவிடுவார்கள். கரையில் நிற்கும் தாத்தா, தவளையைப் பார்த்துக் காலை உதைக்கச் சொல்வார். இரு கால்களையும் மடக்கி, அகல விரித்து, ஒன்றாக உதைத்து முன்னே செல்லும் அந்த நீச்சலுக்கு ஊரில் தவளை நீச்சல் என்று பெயர். செம்பூரிலும் தாதரிலும் உள்ள மாநகராட்சிக் குளங்களில் அதையே விதிகளோடு கற்பிக்கும்போது மார்பு நீச்சல் என்கின்றனர்.

போட்டி நீச்சல் வகைகள் நான்கு. அவற்றுள் மிகவும் மெதுவானது மார்பு நீச்சலே. 2008ஆம் ஆண்டு பெய்ஜிங் ஒலிம்பிக்கில் ஆண்களுக்கான 100 மீட்டர் தன்விருப்ப நீச்சலில் வென்றவர் 47.21 நொடிகளில் கரை தொட்டார். அதே தொலைவை மார்பு நீச்சலில் கடந்து தங்கம் வென்ற ஜப்பானியர் கொசுகே கிதாஜிமாவுக்கு 58.91 நொடிகள் ஆயின. அதுவே அன்றைய உலகச் சாதனை. இவ்வளவு வேறுபாடு ஏன்? பிற நீச்சல்களில் கைகள் நீருக்கு மேலே வீசி முன்செல்லும். மார்பு நீச்சலிலோ முழங்கைகளும் முழங்கால்களும் நீருக்குள்ளேயே முன்னோக்கி வரவேண்டும். அவ்வாறு வரும் ஒவ்வொரு முறையும் எதிரேயுள்ள நீர் உடலைத் தடுக்கிறது. எனவே இதில் வலிமை மட்டும் போதாது. உதைத்தவுடன் உடலை அம்புபோல் நீட்டி வழுக்கிச் செல்லும் நுட்பமும் வேண்டும். திரும்பும்போதும் முடிக்கும்போதும் இரு கைகளும் ஒரே நேரத்தில் சுவரைத் தொடவேண்டும். ஒரு கை முந்தினால் நீந்தியது அனைத்தும் வீண். நடுவர் போட்டியிலிருந்து நீக்கிவிடுவார்.

இந்த நீச்சலில் இந்தியாவின் பெயரை ஆசிய மேடைக்குக் கொண்டுசென்றவர் சந்தீப் செஜ்வால். அவர் 1989ஆம் ஆண்டு சனவரியில் தில்லியில் பிறந்தார். நீச்சலுக்காகவே சொந்த ஊரை விட்டுப் பெங்களூருக்கு வந்து, நிகார் அமீன் என்னும் பயிற்சியாளரிடம் சேர்ந்தார். வேலைக்காக ஊர் விட்டு ஊர் வருவோர் பலர். நல்ல பயிற்சியும் நல்ல குளமும் தேடி வருவோரும் உண்டு. நிகார் அமீனுக்குப் பின்னாளில் துரோணாச்சாரியர் விருது கிடைத்தது.

பெய்ஜிங் ஒலிம்பிக்குக்குச் சென்ற இந்திய நீச்சல் வீரர்கள் நால்வர். அவர்களுள் ஒருவராக 100 மீட்டர், 200 மீட்டர் மார்பு நீச்சல் போட்டிகளில் செஜ்வால் நீந்தினார். அப்போது அவருக்கு வயது 19. நூறு மீட்டரை 1 நிமிடம் 2.19 நொடிகளில் முடித்தார். கிதாஜிமாவின் நேரத்துடன் ஒப்பிட்டால் மூன்றேகால் நொடிதான் வேறுபாடு. ஆனால் அந்த மூன்றேகால் நொடியைத் தொலைவாக மாற்றிப் பார்த்தால், கிதாஜிமா சுவரைத் தொடும் நேரத்தில் செஜ்வால் இன்னும் ஐந்து மீட்டருக்கு மேல் நீந்தவேண்டியிருக்கும். இரு போட்டிகளிலும் அவர் முதல் சுற்றைத் தாண்டவில்லை.

அடுத்த 2012 லண்டன் ஒலிம்பிக்குக்கு இந்தியாவிலிருந்து ஒரே ஒரு நீச்சல் வீரர்தான் சென்றார். அவர் 1500 மீட்டர் தன்விருப்ப நீச்சலில் பங்கேற்ற ககன் உல்லால்மத். செஜ்வால் வீட்டிலிருந்தே ஒலிம்பிக்கைப் பார்க்கவேண்டியதாயிற்று. 19 வயதில் ஒலிம்பிக் சென்றவருக்கு 23 வயதில் அந்த வாய்ப்பு இல்லை. பலர் நீச்சலை விட்டு வேறு வேலை தேடிக்கொள்ளும் வயது அது. செஜ்வால் விடவில்லை.

2014ஆம் ஆண்டு தென்கொரியாவின் இஞ்சியான் நகரில் ஆசிய விளையாட்டுப் போட்டிகள் நடந்தன. அங்கே 50 மீட்டர் மார்பு நீச்சலில் செஜ்வால் நீந்தினார். ஐம்பது மீட்டர் என்பது குளத்தின் ஒரே ஒரு நீளம். இதில் திரும்புதல் இல்லை. ஒரு பாய்ச்சல், நீருக்கடியில் ஒரு நீண்ட இழுப்பு, பிறகு சுவர் வரை இடைவிடாத வீச்சு. தொடக்கத்தில் சறுக்கினால் ஈடுசெய்ய நேரமே இருக்காது. செஜ்வால் 28.26 நொடிகளில் இரு கைகளாலும் சுவரைத் தொட்டு வெண்கலம் வென்றார்.

இந்தப் பதக்கத்தின் அருமை புரிய முந்தைய கணக்கையும் அறியவேண்டும். 1986ஆம் ஆண்டு சியோலில் கசான் சிங் 200 மீட்டர் வண்ணத்துப்பூச்சி நீச்சலில் வெள்ளி வென்றார். அதன்பின் 24 ஆண்டுகள் ஆசியப் போட்டி நீச்சலில் இந்தியாவுக்குப் பதக்கமே இல்லை. 2010இல் குவாங்சோவில் கோலாப்பூரைச் சேர்ந்த வீர்தவல் காடே 50 மீட்டர் வண்ணத்துப்பூச்சி நீச்சலில் வெண்கலம் பெற்று அந்த இடைவெளியை முடித்தார். (இந்தக் காடே பின்னர் மகாராஷ்டிரத்தில் தாசில்தாராகவும் பணியாற்றினார்.) அடுத்த பதக்கம் செஜ்வாலுடையது.

இஞ்சியானில் அன்று தங்கம் வென்றவர் கசகசுதானின் திமித்ரி பாலாந்தின். 50, 100, 200 மீட்டர் மார்பு நீச்சல் மூன்றிலும் அவருக்கே தங்கம். இரண்டு ஆண்டுகள் கழித்து ரியோ ஒலிம்பிக்கில், யாரும் பெரிதாகக் கவனிக்காத எட்டாம் தடத்திலிருந்து நீந்தி 200 மீட்டரில் அவர் தங்கம் வென்றார். ஒலிம்பிக் நீச்சலில் அவருடைய நாட்டுக்கு அதுவே முதல் பதக்கம். நீச்சலில் பெரும்பெயர் பெறாத நாடுகளுக்கு மார்பு நீச்சல் இவ்வாறு கதவு திறப்பதுண்டு. போர்ச்சுகல் நாட்டவருள் ஒலிம்பிக் நீச்சலின் இறுதிச் சுற்றை முதலில் எட்டிய அலெக்சாந்தர் யோகோச்சியும் மார்பு நீச்சல் வீரரே. 1984இல் லாஸ் ஏஞ்சலிசில் 200 மீட்டரில் அவர் ஏழாம் இடம் பெற்றார். அவருடைய தந்தை ஜப்பானிலிருந்து லிஸ்பனுக்குக் குடிபெயர்ந்த நீச்சல் பயிற்சியாளர்.

செஜ்வாலுக்கோ அந்தக் கதவு பாதிதான் திறந்தது. ஆசியப் போட்டிகளில் 50 மீட்டர் மார்பு நீச்சல் உண்டு. உலக வாகையர் போட்டியிலும் உண்டு. ஒலிம்பிக்கில் மட்டும் அது இல்லை. தன்விருப்ப நீச்சலுக்கு மட்டுமே அங்கே 50 மீட்டர் போட்டி இருந்தது. ஆக, தாம் மிகச் சிறந்து விளங்கிய தொலைவில் ஒலிம்பிக்கில் நீந்தும் வாய்ப்பே அவருக்குக் கிடைக்கவில்லை. 2016 ரியோ ஒலிம்பிக்கிலும் அவர் இடம்பெறவில்லை. ஆனாலும் 2018இல் சகார்த்தா ஆசியப் போட்டியில், 29 வயதில், அதே 50 மீட்டரின் இறுதிச் சுற்று வரை சென்றார். இம்முறை பதக்கம் கிட்டவில்லை.

2028ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சலிஸ் ஒலிம்பிக்கில் 50 மீட்டர் மார்பு நீச்சலையும் சேர்க்க முடிவு செய்துள்ளனர். அப்போது செஜ்வாலுக்கு வயது 39 ஆகியிருக்கும்.

அருஞ்சொற்பொருள்
தடம் – குளத்தில் ஒரு வீரருக்கு ஒதுக்கப்படும் நீள்வழி
வாகையர் – வெற்றியாளர்
ஈடுசெய்தல் – இழந்ததை நிரப்புதல்

பயிற்சி
1. மார்பு நீச்சல் பிற நீச்சல்களைவிட மெதுவாக இருப்பது ஏன்?
2. 24 ஆண்டு இடைவெளியை முடித்தவர் யார்? எந்த நகரில்?
3. 2012இல் ஒலிம்பிக் வாய்ப்புக் கிடைக்காத நாளில் செஜ்வால் தம் பயிற்சியாளருக்கு ஒரு கடிதம் எழுதியிருந்தால் அதில் என்ன எழுதியிருப்பார்? எட்டு வரிகளில் எழுதுக.
4. உங்கள் வீட்டுப் பெரியவர்கள் நீந்தக் கற்ற கிணறு, குளம் அல்லது ஆற்றின் பெயரைக் கேட்டறிந்து எழுதுக.