பயணத்தில் ஆமைக்கு வெயில் வேண்டுமா?



பள்ளி விடுமுறையில் பாட்டி வீட்டிற்குச் செல்லும்போதும், தோட்டத்தை விட்டுப் பட்டணத்திற்குக் குடிபெயரும்போதும், வீட்டில் வளரும் செங்காது ஆமையையும் பிள்ளைகள் உடன்கொண்டு செல்வதை நாம் காண்கிறோம். ஆமைக்கு வெயில் வேண்டுமென்று எண்ணி, அதன் தொட்டியைக் காரின் சன்னலோரம் வைப்போரும் உளர். அன்பினால் செய்யும் இச்செயல் அதன் உயிருக்கே உலை வைத்துவிடும். காரணத்தை ஆராய்வோம்.

ஆமை, பல்லி, பாம்பு முதலிய ஊர்வனவற்றிற்கு, நம்மைப் போல் உடற்சூட்டை உள்ளிருந்தே நிலைநிறுத்தும் ஆற்றல் இல்லை. குளத்து ஆமை கட்டையின்மீது ஏறி வெயில் காய்வதும், சூடு மிகுந்தவுடன் நீரில் குதிப்பதும் இதனாலேயே ஆகும். மேலும், வெயிலிலுள்ள 'பி' வகைப் புற ஊதாக் கதிரைக் கொண்டே அதன் தோல் வைட்டமின் 'டி3'ஐ ஆக்குகிறது. அந்த வைட்டமின் குறைந்தால் உணவிலுள்ள சுண்ணாம்புச் சத்து உடலில் சேராது. எலும்பும் ஓடும் மென்மையாகிவிடும்.

ஆனால், சாதாரணக் கண்ணாடி அந்தக் கதிரைப் பெரும்பாலும் தடுத்துவிடுகிறது. வெப்பத்தையோ உள்ளே விட்டுச் சிறைப்படுத்துகிறது. ஆகவே, சன்னலோரத்து ஆமைக்குக் கிட்டுவது சூடு மட்டுமே. வெயிலில் மூடி நிறுத்திய காரினுள் பத்தே நிமிடத்தில் வெப்பம் ஏறத்தாழ 10 பாகை செல்சியஸ் உயர்ந்துவிடும். குளத்தில் குதித்துத் தப்பும் ஆமைக்கு அங்கே தப்ப வழியேது?

எலும்பு வலுவிழப்பது பல வாரங்களில் நேர்வது. ஒரு நாள் வெயில் இல்லாமையால் கேடில்லை. கடும் வெப்பமோ சிறிது நேரத்தில் உயிரைப் பறிக்கும். எனவே, பயணத்தில் இருளே நன்று. இருளில் ஆமை மிரளாது அமைதியாக இருக்கும்.

நாம் கைக்கொள்ள வேண்டியவை:

1. வெளிச்சம் புகாத பெட்டியின் பக்கங்களில் காற்றுத் துளைகள் இடவேண்டும். உள்ளே ஈரத்துணி விரித்து ஆமையை வைக்கவேண்டும், தண்ணீர் நிரப்பலாகாது.

2. விடியற்காலையிலோ மாலையிலோ புறப்படுதல் நலம். காரிலும் பேருந்திலும் பெட்டி நிழலில் இருக்கட்டும். மோட்டார் சைக்கிளில் செல்வோர் வெயில் படாதவாறு மறைக்கலாம். துளைகளை மூடிவிடக் கூடாது.

3. வழியில் உணவருந்த இறங்கினால், பெட்டியையும் உடன் எடுத்துச் செல்க.

4. போய்ச் சேர்ந்ததும் வெயிலில் வைக்காமல், நிழலில் நீர் கொடுத்து இளைப்பாற விடுக. மறுநாள் காலை இளவெயிலில், ஒதுங்க நிழலும் வைத்து, வெளியே விடலாம்.

5. ஆமையைத் தொட்டபின் சவர்க்காரமிட்டுக் கைகழுவுக. அதன் உடலில் நோய்க்கிருமிகள் இருக்கக்கூடும்.

வாயில்லாச் சீவன் தன் துன்பத்தை எடுத்துரைக்காது. அதன் இயல்பை நாமே அறிந்து நடக்கவேண்டும். அன்போடு அறிவும் சேர்ந்தால்தான் வளர்ப்பு சிறக்கும்.