காதலிக்க 12,000 ரூபா கட்ட வேண்டுமா?

கேள்வி: எனக்கு 25 வயது. ஊர் பொகவந்தலாவைப் பக்கம் ஒரு தோட்டம். கொழும்பு புறக்கோட்டையில் புடைவைக் கடையொன்றில் வேலை செய்கிறேன். எங்கள் தோட்டத்துக் கீழ் டிவிசனில் முன்பள்ளி டீச்சராக இருக்கும் ஒருவரைப் பிடித்திருக்கிறது. திருவிழாவுக்குப் போகும்போது பார்ப்பதோடு சரி, பேச வாய் வருவதில்லை. பெண்களைக் கவர்வது எப்படி என்று சொல்லித்தரும் வீடியோ கோர்ஸ் ஒன்று பேஸ்புக்கில் வருகிறது. விலை 24,000 ரூபா, இன்றிரவுக்குள் கட்டினால் 12,000. கடையில் கூட இருக்கும் அண்ணன் சேர்ந்துவிட்டார். மூன்று பேரைச் சேர்த்துவிட்டால் கட்டிய காசு திரும்பி வருமாம். சேரட்டுமா?
– பெயர் வேண்டாம், பொகவந்தலாவை

பதில்: வேண்டாம் தம்பி. நாளைக்கும் அதே விளம்பரத்தைப் பாருங்கள், ‘இன்றிரவு’ அங்கேயே இருக்கும். 2024இல் உயர்த்திய 1,350 ரூபா அடிப்படை நாட்சம்பளத்துக்கு, 12,000 ரூபா என்பது ஒருவர் ஒன்பது நாள் பெரட்டுக்குப் போய்க் கொழுந்தெடுக்கும் கூலி.

அந்த அண்ணன் மேல் எனக்குக் கோபமில்லை. ஆள் சேர்த்தால்தான் போட்ட காசு வரும் என்று காத்திருப்பவரிடம் கோர்ஸ் எப்படி என்று கேட்டால் வேறென்ன சொல்வார்? ஆள் சேர்ப்பதே முக்கிய வருமானமாகிவிட்டால் அது பிரமிட் திட்டம். வங்கித்தொழில் சட்டம் அதைத் தடை செய்கிறது, அதைப் பரப்புகிறவரும் குற்றவாளிதான்.

இனி பாடத்துக்கு வருவோம். இந்த வித்தையை உலகமெங்கும் பரப்பியதில் 2005இல் நீல் ஸ்ட்ராஸ் என்பவர் எழுதிய புத்தகத்துக்குப் பெரிய பங்குண்டு. 2014 நவம்பரில் இதையே சொல்லித்தரும் ஜூலியன் பிளாங்க் என்ற பயிற்சியாளரின் விசாவை ஆஸ்திரேலியா இரத்துச் செய்தது, பிரித்தானியாவும் உள்ளே விடவில்லை. பெண்களிடம் அத்துமீறச் சொல்லிக் கொடுக்கிறார் என்பதுதான் புகார். எல்லாக் கோர்ஸும் அப்படி என்று சொல்லமாட்டேன். குளி, சுத்தமாக உடுத்து, எதிரே இருப்பவர் பேசுவதைக் காது கொடுத்துக் கேள் என்பவையும் உண்டு. அதை அம்மா காசு வாங்காமலே சொல்வார்.

‘பதில் போடாமல் காக்க வை, பொறாமைப்பட வை’ என்பதெல்லாம் முன்பின் தெரியாதவர்கள் சந்திக்கும் பெருநகரத்துக்கு எழுதியது. லயத்தில் ஒரு காம்பராவில் பேசினால் அடுத்த காம்பராவுக்குக் கேட்கும். உங்கள் விளையாட்டு பிசகினால் நீங்கள் கொழும்புக்கு பஸ் ஏறிவிடுவீர்கள். டீச்சரின் பேர்தான் பீலிக்கரையில் அடிபடும். பிள்ளைகளை நம்பி அனுப்பும் தாய்மாரிடம் அவர் தினமும் முகம் கொடுக்க வேண்டும்.

முதலில் உங்கள் வீட்டை யோசியுங்கள். சாதி பார்ப்பதில்லை என்று தோட்டத்தில் பலரும் சொல்வார்கள், கல்யாணப் பேச்சை எடுத்தால்தான் தெரியும். எதிர்ப்பு வந்தால் நிற்பீர்களா? டீச்சர் கேட்கக்கூடிய முதல் கேள்வி இன்னொன்று: “எங்கே குடியிருப்போம்?” பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பராவில் அப்பா, அம்மா, தங்கச்சியோடா, கொழும்பில் வாடகை அறையிலா? உங்கள் குடும்பத்துக்கு வீடு கட்டக் காணி கிடைத்திருக்கிறதா? இதற்கு எந்த வீடியோவிலும் விடை இல்லை.

பிறகு பேசுங்கள். வேறு யாரிடமோ நம்பர் வாங்கி வட்ஸ்அப்பில் வேண்டாம், ஆளில்லாத மலைப்பாதையில் மறித்தும் வேண்டாம். அடுத்த திருவிழாவில், நாலு பேர் கண்ணில் படும் இடத்தில், சுருக்கமாக: “டீச்சர், உங்களை எனக்குப் பிடிச்சிருக்கு. விருப்பம்னா வீட்டுல பேசச் சொல்றேன். இல்லன்னா இதோட விட்டுடுறேன்.” கடைசி வாக்கியத்தைச் சொல்லிவிட்டால் காப்பாற்ற வேண்டும். அவர் மௌனமாக இருந்தால் அதைச் சம்மதம் என்று எடுக்காதீர்கள். மறுத்த பிறகும் தொடர்ந்தால் அது தொந்தரவு. பெண்களுக்கான 1938 உதவி இலக்கத்துக்கு அழைத்து முறையிட அவருக்கு வழி உண்டு.

குரல் நடுங்கினால் நடுங்கட்டும், அதில் வெட்கமில்லை. அண்ணனிடம் சேரவில்லை என்று இன்றே சொல்லிவிடுங்கள், அந்த லிங்க்கை வேறு யாருக்கும் அனுப்பவும் வேண்டாம்.