மஞ்சள் சுவர்

அன்புள்ள தம்பி,

உன் திரைக்கதையை இரண்டு தரம் படித்தேன். முதல் காட்சியிலேயே நம் புதுச்சேரியின் துய்மா வீதி, மஞ்சள் சுவர், காகிதப்பூ, விடிகாலை வெயில். லென்ஸ் நம்பர்கூடப் போட்டிருக்கிறாய். அந்த வீட்டுக்காரன் வாடகைக்கு இருக்கிறானா, சொந்த வீடா என்பதுதான் பன்னிரண்டாம் பக்கம் வரை தெரியவில்லை.

கேமராமேன் கதை எழுத உட்கார்ந்தால் வருகிற வியாதி இது. எனக்கும் வந்தது. புஸ்ஸி வீதியில் வெயில் கடலிலிருந்து நேரே உள்ளே வரும். துய்மாவில் கூரை ஏறித்தான் இறங்கும். அது புரியாமல் ஆறு மணிக்கே யூனிட்டை வரச்சொல்லிக் காத்துக் கிடந்தேன். வெயில் வந்ததும் சுவர் மஞ்சள் தெறித்து, நடிகைக்குக் காமாலை வந்த மாதிரி ஆகிவிட்டது. கறுப்புத் துணி கட்டி அதைச் சமாளித்தேன். அவள் ஏன் அங்கே நிற்கிறாள் என்று உதவியாளன் கேட்டபோதுதான் முழித்தேன்.

இயக்குநர் பாலுமகேந்திராவும் நம்மைப் போலக் கேமராக்காரர்தான், மட்டக்களப்பிலிருந்து புனே போய் ஒளிப்பதிவு படித்தவர். 'கோகிலா', 'மூன்றாம் பிறை' இரண்டுக்கும் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருது வாங்கினார். நான் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்ப்பது 'வீடு' (1988). எழுத்து, கேமரா, எடிட்டிங் மூன்றும் அவரே, பாட்டு கிடையாது. தாத்தாவாக வரும் சொக்கலிங்க பாகவதர் பாதி எழும்பிய வீட்டுக்குள் நடந்து சுவரைத் தடவிப் பார்ப்பார். வெறும் சுவர்தான். ஆனால் கடனுக்கு அலைந்ததையும் ஒப்பந்தக்காரன் சிமெண்டை விற்றதையும் பார்த்துவிட்டு அந்தக் கையைப் பார்க்கும்போது நமக்கு நெஞ்சை அடைக்கிறது. அந்தக் கைக்குத் தனியாக விளக்கு வேண்டியிருக்கவில்லை.

அதே 1988இல் போலந்து ஒளிப்பதிவாளர் ஸ்லாவோமிர் இட்சியாக், இயக்குநர் கீஷ்லோவ்ஸ்கியின் 'எ ஷார்ட் ஃபிலிம் அபவுட் கில்லிங்' படத்துக்குப் பச்சை ஃபில்டர் மாட்டி வார்சா நகரத்தையே அழுக்காகக் காட்டினார். பிறகு அதே இயக்குநரின் 'நீலம்' படத்தின் திரைக்கதைக்கும் துணை நின்றார். கதை கேட்டால் ஊரை அசிங்கமாக எடுக்கவும் துணிகிறவர் அவர். நம் ஊரை அழகாக எடுக்கத்தான் கல்யாண ஜோடிகளோடு தினம் ஒரு கூட்டம் வந்து நிற்கிறதே, நீயும் எதற்கு?

பெரிய வாய்க்காலுக்கு இந்தப் பக்கம் உன் அத்தை வீடு தளம் போட்டதோடு நிற்கிறது, கம்பியெல்லாம் துருப்பிடித்து. யாரிடம் எவ்வளவு வாங்கினார்கள், எதை அடகு வைத்தார்கள் என்று கேட்டு எழுது. 'வீடு' மாதிரி ஆகிவிடுமோ என்று பயப்படாதே, உன் அத்தை அந்தப் படத்து நாயகி அர்ச்சனா இல்லை. கேமராவை எடுத்துப் போகாதே. மாடிப்படி எந்தப் பக்கம் பார்த்திருக்கிறது என்பதைப் பிறகு நான் வந்து பார்த்துக்கொள்கிறேன்.

அன்புடன்,
அண்ணன்