இரவு பதினோரு மணி டேட்டா

கோத்தகிரிப் பக்கம் மழை பிடித்துவிட்டால் சிக்னல் வருவதும் போவதுமாக இருக்கும். ‘சுழல்’ மாதிரி ஒரு தொடரில் முடிச்சு அவிழப்போகும் நேரத்தில் திரையில் வட்டம் சுற்றினால் பார்க்கும் ஆசையே போய்விடும். அதனால் எங்கள் வீட்டில் எந்தத் தொடரையும் முதலில் இறக்கி வைத்துவிடுவோம். பிறகுதான் அம்மாவும் நானும் பார்க்க உட்காருவோம்.

இறக்கியதெல்லாம் நமக்குச் சொந்தம் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை. நூலகத்தில் எடுத்துவந்த புத்தகம் போல அதற்கும் கெடு உண்டு. கோப்பு பூட்டப்பட்டு ஆப்புக்குள்ளேயே இருக்கும். பென் டிரைவில் ஏற்றினாலும் வேறு எதிலும் ஓடாது. சந்தா முடிந்தாலோ ஆப்பை நீக்கினாலோ அதுவும் போய்விடும். பிரைம் வீடியோவில் பெரும்பாலும் 30 நாள் தருகிறார்கள், ஆனால் ஓடவிட்ட பிறகு 48 மணி நேரம்தான். நெட்ஃபிளிக்ஸில் தொடருக்குத் தொடர் மாறும். ஏழு நாளுக்குக் குறைவாக இருந்தால் பதிவிறக்கப் பட்டியலிலேயே மீதி நேரம் தெரியும். ஆகவே ஒரு தொடரின் எபிசோடுகளைச் சேர்த்து இறக்கலாம், ஆனால் எல்லாவற்றையும் சும்மா திறந்து பார்க்கக் கூடாது. அன்றிரவு பார்க்கப்போகும் எபிசோடை மட்டும், போனை ஏரோபிளேன் மோடில் போட்டு, ஒரு நிமிடம் ஓட்டிப் பாருங்கள். ஓடுகிறதா, தமிழ் ஆடியோ வந்திருக்கிறதா, சப்டைட்டில் இருக்கிறதா என்று அப்போதே தெரிந்துவிடும். அம்மாவுக்கு இந்தித் தொடர்களைத் தமிழில் கேட்டால்தான் பிடிக்கும். ஆடியோ மொழியை இறக்குவதற்கு முன்பே தேர்ந்தெடுத்துவிடுவது நல்லது.

ஒய்ஃபை இல்லாத வீடுகளுக்கு ஒரு வழி சொல்கிறேன். நாளுக்கு இத்தனை ஜிபி என்று வரும் ரீசார்ஜில் மிச்சமாகும் டேட்டா பொதுவாக நள்ளிரவோடு போய்விடும். பதினோரு மணிக்கு எவ்வளவு மீதி என்று பார்த்து, அதற்குத் தகுந்தாற்போல் ஓர் எபிசோடை இறக்கிக்கொள்ளலாம். அதற்கு, ஆப்பின் அமைப்புகளில் ‘ஒய்ஃபையில் மட்டும்’ என்பதை எடுத்துவிட வேண்டும். தரத்தை உயர்த்தத் தேவையில்லை. போன் திரையில் சாதாரணத் தரமே கண்ணுக்கு நிறைவாக இருக்கும், இடமும் மிச்சம். பெரிய திரைதான் வேண்டும் என்றால், பிரைம் வீடியோவின் விண்டோஸ் ஆப்பில் பதிவிறக்கம் உண்டு. மடிக்கணினியை எச்டிஎம்ஐ கேபிளால் டிவியோடு இணைத்துப் பார்க்கிறோம். நெட்ஃபிளிக்ஸ் தன் விண்டோஸ் ஆப்பிலிருந்து அந்த வசதியை 2024இல் எடுத்துவிட்டது.

‘எதற்கு இவ்வளவு பாடு, டெலிகிராமில் எல்லாம் கிடைக்கிறதே’ என்று சொந்தக்காரர்கள் கேட்பார்கள். அவர்களிடம் நான் ‘அயலி’யைத்தான் சொல்வேன். முத்துக்குமார் இயக்கி 2023இல் ஜீ5இல் வந்த தொடர். வயசுக்கு வந்ததும் பெண் பிள்ளைகளின் படிப்பை நிறுத்திவிடும் ஓர் ஊரில், டாக்டராக வேண்டும் என்று ஆசைப்படும் ஒருத்தியின் கதை. பெரிய நட்சத்திரத்தை நம்பி எடுத்ததல்ல. இப்படி இன்னொன்றை எடுக்க யாராவது பணம் போட வேண்டுமானால், எத்தனை பேர் பார்த்தார்கள் என்ற கணக்கு வேண்டும். திருட்டுப் பிரதியில் பார்த்து அழுதவர்கள் அந்தக் கணக்கில் வரவே மாட்டார்கள். எனக்கு இது சட்டத்தைவிடப் பெரிய காரணம்.

சட்டமும் லேசானதல்ல. தெரிந்தே பதிப்புரிமையை மீறினால், 1957ஆம் ஆண்டுச் சட்டத்தின் 63ஆம் பிரிவின்படி ஆறு மாதம் முதல் மூன்று ஆண்டு வரை சிறையும், 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கலாம். டொரண்டில் இறக்கும்போது இறங்கிய துண்டுகள் அப்போதே நம் கணினியிலிருந்து மற்றவர்களுக்குப் போய்க்கொண்டிருக்கும். பார்க்க மட்டும் நினைத்தவரும் விநியோகிப்பவர் ஆகிவிடுகிறார்.

இப்படி இறக்கும் கோப்புகளால் போனுக்கும் ஆபத்து. வீடியோக் கோப்பின் பெயர் எம்பி4, எம்கேவி என்று முடியும். எபிசோடின் பெயரைப் போட்டு ஏபிகே என்றோ இஎக்ஸ்இ என்றோ முடிந்தால் அது தொடரே இல்லை, நிரல். விண்டோஸ் இந்தக் கடைசி எழுத்துகளைப் பொதுவாக மறைத்துவிடும் என்பதால் பலருக்கு அது கண்ணில் படுவதில்லை. அப்படி வந்த ஏபிகேயை நிறுவி, அது கேட்டபடி எஸ்எம்எஸ் படிக்க அனுமதியும் கொடுத்தால், வங்கி ஓடிபி வேறு யாருக்கோ போய்ச் சேரும். பணம் போய்விட்டால் தயங்காமல் உடனே சைபர் குற்ற உதவி எண்ணான 1930க்கு அழையுங்கள்.

சந்தா கட்ட முடியாதவர்களுக்கும் நேர்வழி இருக்கிறது. இந்திரா சௌந்தர்ராஜன் எழுதி நாகா இயக்கிய ‘விடாது கருப்பு’ தொடர், கவிதாலயாவின் யூடியூப் சேனலிலேயே கிடைக்கிறது. யூடியூப் ஆப்பில் வீடியோவுக்குக் கீழே பதிவிறக்கப் பொத்தான் வேலை செய்தால் பிரீமியம் சந்தா இல்லாமலே இறக்கலாம். இரண்டு நாளுக்கு ஒருமுறை போனில் இணையத்தை இணைத்தால் போதும்.