தொகுத்தவர் பெயர்: எலிசவேத்தா ஸ்விலோவாவின் படத்தொகுப்புக் கலை

முன்னுரை

நற்றிணையைத் தொகுப்பித்தவன் பன்னாடு தந்த மாறன் வழுதி என அறிவோம். தொகுத்தவர் பெயரோ நமக்குக் கிட்டவில்லை. தொகுப்போர் மறைந்து நிற்றல் நூலுலகிற்கு மட்டும் உரியதன்று. திரைக்கலையிலும் படத்தொகுப்பாளர் நிலை பெரும்பாலும் அதுவே. இயக்குநர் சிகா வெர்த்தோவின் புகழொளியில் மறைந்த ரஷ்யப் படத்தொகுப்பாளர் எலிசவேத்தா ஸ்விலோவாவின் பணியை ஈண்டு ஆராய்வோம்.

வாழ்வும் பணியும்

1900இல் மாஸ்கோவில் பிறந்த ஸ்விலோவா, இளம் வயதிலேயே பாத்தே நிறுவனத்தில் சேர்ந்து படச்சுருளை வெட்டி ஒட்டும் தொழிலைக் கற்றார். 1920களில் வெர்த்தோவுடன் இணைந்து பணியாற்றினார். அவர்தம் வாழ்க்கைத் துணைவியும் ஆனார். வெர்த்தோவ், அவர் தம்பி மிகயில் காஃப்மன், ஸ்விலோவா ஆகியோர் 'மூவர் குழு' எனப்பட்டனர். காஃப்மன் படம்பிடித்தார், ஸ்விலோவா தொகுத்தார். 1929இல் வெளிவந்த 'திரைப்படக் கருவியுடன் ஒரு மனிதன்' இம்மூவர் உழைப்பின் விளைவே.

கலைத்திறன்

இப்படத்தில் கதையில்லை, நடிகரில்லை, இடையிடையே வரும் விளக்க எழுத்தும் இல்லை. ஒரு மணி நேரத்திற்குச் சற்றே மேற்பட்ட படத்தில் 1,700க்கும் மேற்பட்ட காட்சித் துண்டுகள் உள்ளன. அவற்றிற்குப் பொருள் தருவது தொகுப்பே. துயிலெழுந்த பெண்ணொருத்தி கண் சிமிட்டுகிறாள். சன்னலின் தட்டிகள் திறந்து மூடுகின்றன. படக்கருவியின் வில்லை தோன்றுகிறது. தனித்தனியே நோக்கின் இவை வெவ்வேறு பொருள்கள்; அடுத்தடுத்து ஒட்டியபின் 'காணுதல்' என்னும் ஒரே கருத்தை உணர்த்துகின்றன. திருமணப் பதிவும் மணமுறிவும், இறுதி ஊர்வலமும் மகப்பேறும் அடுத்தடுத்து வருவதும் இத்திறத்ததே.

பிறிதோரிடத்தில் பாய்ந்தோடும் குதிரை சட்டென நின்றுவிடுகிறது. மனித முகங்கள் அசைவற்ற படங்களாகின்றன. பின்னர்ப் படச்சுருள் துண்டுகளும், கத்தரிக்கோலுடன் ஸ்விலோவாவும் திரையில் தோன்றுகின்றனர். சுருளில் உறைந்திருந்த குழந்தை முகம் மறுகணம் உயிர்பெற்று அசைகிறது. படம் உயிர்பெறும் இடம் தொகுப்பு மேசை என்பதை இதனினும் தெளிவாகக் கூறல் அரிது.

சான்றாகும் தொகுப்பு

1945 ஜனவரி 27இல் சோவியத் படை ஆஷ்விட்ஸ் வதைமுகாமை விடுவித்தது. அங்குப் படையின் ஒளிப்பதிவாளர்கள் எடுத்த காட்சிகளை ஸ்விலோவா ஆவணப்படமாகத் தொகுத்தார். நியூரம்பர்க் வழக்கைக் குறித்து ரோமன் கார்மென் 1946இல் உருவாக்கிய படத்திலும் பங்கேற்றார். இங்குத் தொகுப்பு அழகுக்காக அன்று. இப்படி நடந்ததில்லை என எவரும் பின்னாளில் மறுக்க இயலாதவாறு சான்றுகளை நிரல்படுத்துவதற்காக.

முடிவுரை

1954இல் வெர்த்தோவ் மறைந்தபின், 1975இல் தாம் மறையும்வரை அவர்தம் எழுத்துகளைப் பேணிக் காத்தவரும் ஸ்விலோவாவே. 2014இல் பிரிட்டனின் 'சைட் அண்ட் சவுண்ட்' இதழ் நடத்திய வாக்கெடுப்பில், 1929ஆம் ஆண்டின் அப்படமே தலைசிறந்த ஆவணப்படமாகத் தேர்ந்தெடுக்கப்பட்டது. எனினும் பாராட்டுரைகளில் பெரிதும் ஒலிப்பது வெர்த்தோவ் பெயரே. படம் காணும் மாணவர், எது காட்டப்பட்டது என்பதோடு, எதன்பின் எது வைக்கப்பட்டது, வைத்தவர் யார் எனவும் வினவுதல் வேண்டும். அவ்வினா எழுமாயின் தொகுத்தவர் பெயர் மறையாது.